தோட்டத்துச் சனங்களைப் பற்றி ஆவணப்படம் எடுப்பதையே தொழிலாக வைத்துக்கொள்ள முடியுமா?

பீலிக்கரை எழுதியது:

வணக்கம். இங்கே ரொம்ப நாளாக வாசிக்கிறேன், எழுதுவது இப்போதுதான். இலங்கை மலையகத்தில் மஸ்கெலியாப் பக்கத்துத் தேயிலைத் தோட்டம். அம்மா கொழுந்து எடுக்கிறார், அப்பா தேயிலைச் செடி வெட்டும் கவ்வாத்துக்காரர். ஏ.எல். முடித்த பிறகு கொழும்பில் எடிட்டிங் படித்தேன். அங்கேயே தங்கச் சொன்னார்கள், தங்கவில்லை.

இதுவரை மூன்று சின்ன ஆவணப்படங்கள் எடுத்திருக்கிறேன். ஒன்று, கண்டி நகரில் துப்புரவு வேலை செய்யும் குடும்பங்களைப் பற்றி. இரண்டாவது, மன்மதன்-ரதி கதையை ஆடும் எங்கள் தோட்டத்துக் காமன் கூத்து. அதில் ரதி வேஷம் கட்டும் பையன் கொழும்பில் புடவைக் கடையில் நிற்கிறவன், மாசி பிறந்ததும் லீவு கேட்டு முதலாளியோடு சண்டை போடுவான். மூன்றாவது, பிள்ளைக்காம்பராவில் பிள்ளை பார்க்கிற ஓர் ஆயம்மா. மூன்றும் என் கைக்காசு. அந்தக் காசு கல்யாண வீடியோவிலும் சாமத்திய வீட்டு வீடியோவிலும் வந்தது.

இப்போது இரண்டு விஷயத்தில் குழம்பிப்போய் நிற்கிறேன்.

ஒன்று: பெண் தொழிலாளர்களைப் பற்றிப் படம் எடுக்க ஒரு நிறுவனம் பணம் தருகிறது. எனக்கு அது பெரிய தொகை. ஆனால் பன்னிரண்டு நிமிடத்துக்கு மேல் போகக்கூடாதாம், அவர்களுடைய திட்டத்தால் ஒரு பெண் முன்னேறியதாக முடிக்க வேண்டுமாம். தமிழ்ப் பிரதி பற்றிப் பேச்சே இல்லை.

இரண்டு: நான் எடுக்க நினைப்பது தராசடியைப் பற்றி. கொழுந்து நிறுக்கும்போது ஈரத்துக்கு, சாக்குக்கு என்று கிலோ கழிப்பார்கள் இல்லையா, அது. 2021இல் நாட்சம்பளம் 1000 ரூபாய் ஆனதும் எங்கள் பக்கம் கிலோவைக் கூட்டிவிட்டார்கள். இரண்டு கிலோ குறைந்தால் அரைப்பேர், அதாவது அரைநாள் சம்பளம்தான். ஓர் அக்கா இதைத் தெளிவாகப் பேசுகிறார், கெமரா முன்னாலும் பேசத் தயார். படம் வெளியே போன மறுநாள் பெரட்டில், காலையில் வேலை பிரிக்கும் இடத்தில், அவருக்கு என்ன நடக்கும் என்பதுதான் என் பயம்.

இந்த வழியில் போனவர்கள் யாராவது சொல்லுங்கள்.

---

ஹற்றன் ஸ்டூடியோ எழுதியது:

தங்கச்சி, முதலில் காசு விஷயம். வாங்கும்மா. இந்தத் தொழிலில் இருபது வருஷமாக இருக்கிறேன். கொள்கை பேசிக் கெமராவை விற்றவர்களையும் பார்த்திருக்கிறேன், கல்யாண வீடியோ எடுத்துக்கொண்டே நல்ல படம் எடுத்தவர்களையும் பார்த்திருக்கிறேன். பன்னிரண்டு நிமிடத்தை அவர்களுக்குக் கொடு. அந்தக் காசில் ஒரு நல்ல ரேடியோ மைக் வாங்கு. மிச்சத்தில் உன் படத்தை எடு.

மைக்கை ஏன் முதலில் சொல்கிறேன் தெரியுமா? நம்ம பக்கத்துப் படங்கள் முக்கால்வாசி கெட்டுப்போவது சத்தத்தால்தான். தகரக் கூரையில் மழை விழுந்தால் பேச்சு ஒன்றும் பதியாது. பக்கத்துக் காம்பராவில் டீவி ஓடும், சுவர் கூரைவரை போகாது. பத்துக்குப் பன்னிரண்டு அடி அறைக்குள் மூன்று பேர் நின்றால் கெமராவைப் பின்னால் இழுக்கக்கூட இடம் கிடையாது. இஸ்தோப்பில், அதாவது முன் திண்ணையில், உட்காரவைத்து எடு. வெளிச்சம் பக்கவாட்டில் வரும், பேசுகிறவருக்கும் பழகிய இடம். விடியற்காலைக் குளிரில் எடுத்துவிட்டுக் கெமராவை வீட்டுக்குள் கொண்டுவந்தவுடன் லென்ஸ் பனிக்கும், அதைத் துணியால் துடைக்காதே. பையோடு உள்ளே வைத்துவிட்டுப் பிளேன்டீ குடித்துவிட்டு வா.

இரண்டாவது கேள்விக்கு அப்புறம் வருகிறேன். கடையில் ஆள் நிற்கிறது.

---

ஊவாக்காரன் எழுதியது:

ஸ்டூடியோ அண்ணன் சொல்வதில் எனக்கு உடன்பாடு இல்லை. "அவர்களுக்குப் பன்னிரண்டு நிமிடம் கொடு" என்று எல்லோரும் கொடுத்துக் கொடுத்துத்தான் மலையகம் என்றாலே ஒரே படம் என்று ஆகிவிட்டது. மஞ்சு மூடின மலை, வெடித்த விரல், ஒழுகுகிற கூரை, பின்னால் அழுகிற புல்லாங்குழல். கடைசியில் ஒரு பிள்ளை கெமராவைப் பார்த்துச் சிரிக்கும். இதை நான் பதுளையில் இருந்துகொண்டே எடுத்துத் தருவேன், யாரையும் சந்திக்க வேண்டாம்.

அந்த விரலுக்குச் சொந்தக்காரி சீட்டுப் பிடிப்பாள், கங்காணியைக் கிண்டல் பண்ணுவாள், மகன் வாங்கிக் கொடுத்த போனில் நாடகம் பார்ப்பாள், தேர்தலில் யாருக்குப் போடுவது என்று புருஷனோடு மல்லுக்கட்டுவாள். அதெல்லாம் எந்தப் படத்தில் வந்திருக்கிறது?

உங்கள் காமன் கூத்துப் படம்தான் இதில் எனக்குப் பிடித்தது, பார்க்காமலே. லீவு கேட்டு முதலாளியோடு சண்டை போடுகிறான் பாருங்கள், அவன்தான் மலையகம்.

---

பேராதனை வாசகர் எழுதியது:

யார் காசு கொடுக்கிறார் என்ற கேள்வி இங்கே இன்று நேற்று வந்ததில்லை. இலங்கையைப் பற்றிய மிகப் பிரபலமான பழைய ஆவணப்படம் பசில் ரைட் எடுத்த 'சாங் ஒஃப் சிலோன்', 1934. கெமரா வேலையையும் ஒலியையும் இன்றும் சினிமா வகுப்புகளில் பாராட்டுகிறார்கள். அதற்குப் பணம் தந்தது இலங்கைத் தேயிலை விளம்பரச் சபை. அதாவது அந்தப் படம் வந்ததே தேயிலைக் காசில். அதனால் காசு வாங்கியவர் எல்லோரும் பொய் சொன்னார்கள் என்று நான் சொல்ல வரவில்லை. எதைக் காட்டவில்லை என்று பாருங்கள், அது போதும்.

அதே காலத்தில் நம்மவர்கள் வேறு வழியில் ஆவணம் செய்துகொண்டுதான் இருந்தார்கள். தொழிற்சங்கத் தலைவர் கோ. நடேசய்யர் பத்திரிகை நடத்தினார். அவர் மனைவி மீனாட்சியம்மாள் தோட்டத்துக் கூட்டங்களில் பாட்டுப் பாடியே சட்டத்தையும் சம்பளத்தையும் விளக்கினார். கவிஞர் சி.வி. வேலுப்பிள்ளை தோட்டத்துப் பாடல்களைக் கேட்டுக் கேட்டுத் தொகுத்தார். 1940இல் முல்லோயாத் தோட்டத்தில் சுடப்பட்ட தொழிலாளி கோவிந்தனுக்கு அசையும் படம் ஒன்றும் இருப்பதாக நான் கேள்விப்பட்டதில்லை, ஆனால் பெயர் இன்றும் சனங்களின் வாயில் இருக்கிறது.

பீலிக்கரைக்கு ஒரு யோசனை. இந்தியாவும் இலங்கையும் செய்த 1964 ஒப்பந்தத்தில் இங்கிருந்த இந்திய வம்சாவளியினரில் 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்புவது என்று இரண்டு பிரதமர்கள் உட்கார்ந்து முடிவு பண்ணினார்கள். தலைமன்னாரில் கப்பல் ஏறிப் போனவர்களின் பிள்ளைகள் கோத்தகிரியிலும் கூடலூரிலும் இருக்கிறார்கள். போகாமல் நின்றவர்களில் பலருக்குக் குடியுரிமை முழுதாகத் தீர்ந்தது 2003ஆம் ஆண்டுச் சட்டத்தோடுதான். அந்தக் கப்பலைக் கண்ணால் பார்த்தவர்களுக்கு வயதாகிக்கொண்டே போகிறது. காசு வரும்வரை காத்திருக்காமல் போனிலாவது பதிந்து வையுங்கள்.

---

சும்மா வந்தவன் எழுதியது:

இதெல்லாம் ஒரு வேலையா? டுபாய்க்குப் போனால் மாசம் எவ்வளவு தெரியுமா?

---

ஊவாக்காரன் எழுதியது:

தெரியும் தம்பி. போனவர்களைப் பற்றியும் ஒரு படம் எடுக்க வேண்டியிருக்கிறது.

---

தொங்கல் காம்பரா எழுதியது:

நான் படம் எடுக்கிறவள் இல்லை. படத்தில் வந்தவரின் மகள். அந்தப் பக்கத்திலிருந்து சொல்கிறேன்.

நான் ஓ.எல். படிக்கும்போது எங்கள் லயத்துக்கு, தோட்டத்து வரிசை வீடுகளுக்கு, ஒரு படக்குழு வந்தது. எந்த நாடு, என்ன பெயர் எல்லாம் வேண்டாம். நல்ல மனிதர்கள்தான், தங்கச்சிக்கு பிஸ்கட் எல்லாம் கொடுத்தார்கள். அம்மா வழக்கமாக மலைக்குப் போவது பழைய டீ-சேர்ட், இடுப்பில் படங்கு, முதுகில் சாக்கு. அவர்கள் கூடை இருக்கிறதா என்று கேட்டார்கள். பக்கத்து லயத்திலிருந்து ஒரு பழைய கூடை எடுத்துவந்து மாட்டினார்கள். நல்ல சேலை கட்டச் சொன்னார்கள், அப்புறம் அதுவும் ரொம்பப் புதிதாகத் தெரிகிறது என்று மாற்றச் சொன்னார்கள். அம்மாவுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. சிரிக்காமல் இருக்கச் சொல்லி மறுபடி எடுத்தார்கள்.

எப்போது காட்டுவீர்கள் என்று அம்மா கேட்டார். அனுப்புவோம் என்றார்கள். வரவில்லை. சில வருஷம் கழித்து யாரோ யூடியூப் லிங்க் அனுப்பினார்கள், ஒரு கல்யாண வீட்டில் வைத்துத்தான் பார்த்தோம். அம்மா தாத்தாவைப் பற்றி நிறையப் பேசியிருந்தார். அவர் தோட்டத்துக் கோயிலுக்கு மணி வாங்கின கதை, சங்கத்துக்காக வேலைநிறுத்தம் செய்த கதை. அதில் ஒன்றுகூட இல்லை. அப்பா குடிப்பார் என்று போகிற போக்கில் சொன்ன ஒரு வரி மட்டும் இருந்தது. அப்பாவும் அதே மேசையில் உட்கார்ந்திருந்தார்.

துரை, அதாவது தோட்ட மேனேஜர், ஒன்றும் சொல்லவில்லை, அவர் பார்த்தாரோ என்னவோ. எங்களுக்குத் தொல்லை வந்தது லயத்துக்குள்ளேதான். "வெள்ளைக்காரன் எவ்வளவு கொடுத்தான்?" என்று கேட்காத ஆள் இல்லை. கொடுக்கவில்லை என்றால் நம்புவதும் இல்லை. வீட்டுக்குப் பின்னால் ஒரு குசினி, சமையலறை, இறக்கினோம், அப்பாவின் ஈ.பி.எஃப். சேமலாபக் காசு. அதையும் படக் காசு என்றுதான் இன்றுவரை சொல்கிறார்கள்.

அதனால் பீலிக்கரை, உங்களிடம் ஒன்றே ஒன்று. படம் முடிந்ததும் முதலில் அந்த லயத்தில் போடுங்கள். கொழும்புக்கும் வெளிநாட்டுக்கும் போகுமுன். அந்த அக்கா பார்க்கட்டும், அவர் புருஷன் பார்க்கட்டும், பக்கத்துக் காம்பராக்காரர்களும் பார்க்கட்டும். எதை வெட்ட வேண்டும் என்று அவர்கள் சொன்னால் வெட்டிவிடுங்கள். காசு கொடுக்கிறீர்களா, இல்லையா, அதையும் எல்லோர் முன்னாலும் சொல்லிவிடுங்கள்.

---

பீலிக்கரை எழுதியது:

தொங்கல் காம்பரா அக்கா, இதை அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். "அந்தக் குசினிக் கதை நம்ம வீட்டுக் கதை மாதிரி இருக்கு" என்றார். ஆயம்மா படத்தைப் பிள்ளைக்காம்பராவிலேயே போட்டுக் காட்டியிருந்தேன். அங்கே சனங்கள் கதையைப் பார்க்கவே இல்லை. யார் வீட்டுப் பிள்ளை எத்தனை தரம் வருகிறது என்று எண்ணிக்கொண்டிருந்தார்கள். ஒரு பிள்ளை வரவில்லை என்று ஒரு பாட்டி என்னோடு இன்னும் பேசுவதில்லை.

தராசு விஷயத்தில் முகத்தை மறைத்து, குரலை மாற்றி எடுத்தால் சரிவருமா?

---

ஹற்றன் ஸ்டூடியோ எழுதியது:

வராது. கொழும்பில் சரிவரும், தோட்டத்தில் வராது. நடையை வைத்தே ஆளைச் சொல்லிவிடுவார்கள். சாக்கில் தைத்திருக்கும் ஒட்டு, தலைத்துண்டின் நிறம், இருமல், எது போதாது? குரலை மாற்றினாலும் "இந்தப் பேச்சு இன்னாருடையது" என்று கங்காணி கண்ணை மூடிக்கொண்டு சொல்வார். மறைத்து எடுத்தால் இன்னொரு கெடுதலும் இருக்கிறது. அந்த அக்கா ஏதோ குற்றம் செய்தவர் மாதிரித் திரையில் தெரிவார்.

ஒருவரைத் தனியாக எடுக்காதே. பத்துப் பேர் சேர்ந்து பேசட்டும். கொழுந்து நிறுக்கும் மடுவத்தில் தராசை எடு, முள் நிற்கும் இடத்தையும் சீட்டில் எழுதும் எண்ணையும் எடு. பெண்கள் வீட்டுக்கு வந்து கொப்பியில் தங்கள் கணக்கைத் தாங்களே எழுதி வைப்பார்கள், நம்ம அக்காமார் அதில் கெட்டி. அந்தக் கொப்பியை எடு. யாரும் வாயைத் திறக்காமலே கணக்கு வெளியே வந்துவிடும்.

சம்மதத்தைத் தாளில் மட்டும் வாங்காதே. தமிழில் கெமராவிலேயே கேட்டுப் பதிந்துகொள். எடுக்கும்முன் ஒரு தரம், வெட்டி ஒட்டிய பிறகு பார்த்துவிட்டு இன்னொரு தரம். இரண்டாவது தரம் வேண்டாம் என்றால் வேண்டாம்தான்.

---

கோட்டுப் பக்கம் எழுதியது:

சட்டம் தெரிந்தவன் என்ற முறையில் கொஞ்சம். மடுவத்தில் தராசை எடு என்று அண்ணன் சுலபமாகச் சொல்லிவிட்டார். 1992இல் அரசாங்கம் தோட்டங்களின் நிர்வாகத்தைக் கம்பனிகளிடம் கொடுத்தது. நிலம் அரசுடையது, குத்தகை கம்பனியுடையது, குடியிருப்பவருக்குப் பெரும்பாலும் கையில் காணி உறுதி கிடையாது. மலையிலும் மடுவத்திலும் ஸ்டோரிலும் (தேயிலைத் தொழிற்சாலை) கெமரா தூக்கினால் துரையின் அனுமதி எங்கே என்று கேட்பார்கள். எழுத்தில் கேட்டு வைத்துக்கொள்ளுங்கள். மறுத்தால் அந்த மறுப்புக் கடிதமும் ஓர் ஆவணம்தான். படத்தில் காட்டலாம்.

ட்ரோன் பறக்கவிடுவதானால் சிவில் விமானப் போக்குவரத்து அதிகார சபையின் விதிகள் இருக்கின்றன, பார்த்துக்கொள்ளுங்கள். (என் சொந்த அபிப்பிராயம்: ட்ரோனே வேண்டாம். மேலேயிருந்து பார்த்தால் எல்லாத் தோட்டமும் அழகு.) பொது இடத்தில் டிக்கட் போட்டுப் படம் காட்டுவதானால் 1912ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டம் ஒன்று இன்னும் நடைமுறையில் இருக்கிறது, கொழும்பில் தணிக்கைக்குப் போக வேண்டிவரும். லயத்து முற்றத்தில் போடுவதை யாரும் பெரிதாக எடுப்பதில்லை, ஆனால் நடைமுறையைத் தெரிந்து வைத்திருப்பது நல்லது.

நிறுவனத்தின் காசை வாங்குவதா வேண்டாமா என்பதை ஒப்பந்தத்தைப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள். கடைசி வெட்டு யார் கையில்? எடுத்து, படத்தில் சேராத காட்சிகள் யாருக்குச் சொந்தம்? பலர் இந்த இரண்டாவதை விட்டுவிடுகிறார்கள். பன்னிரண்டு நிமிடத்துக்காக நீங்கள் எடுத்த நாற்பது மணி நேரமும் அவர்களுடைய பெட்டிக்குள் போய்விடும், பிறகு வேறு ஏதாவது பிரசாரத்துக்கு அதிலிருந்து ஒரு முகத்தை வெட்டிப் போடுவார்கள். தமிழ்ப் பிரதி, தோட்டத்தில் இலவசமாகக் காட்டும் உரிமை, இரண்டையும் எழுதிக் கேளுங்கள். தரமாட்டோம் என்றால் காரணம் கேளுங்கள்.

---

ஊவாக்காரன் எழுதியது:

கோட்டுப் பக்கம் அண்ணனுக்கு நன்றி, ட்ரோன் விஷயத்தில் கைகொடுக்கிறேன்.

இன்னொன்று. 2014 ஒக்டோபர் 29ஆம் தேதி கொஸ்லாந்தை மீரியபெத்தையில் மண் சரிந்தபோது அடுத்த நாளே அந்த ரோட்டில் கெமரா வைத்திருக்காத ஆள் இல்லை. பாடசாலையில் தங்கவைத்திருந்த சனங்களிடம் மைக்கை நீட்டி "இப்போது உங்களுக்கு எப்படி இருக்கிறது?" என்று கேட்டவர்களை நானே பார்த்தேன். ஒரு வாரம். அப்புறம் கெமராவும் போய்விட்டது, கேள்வியும் போய்விட்டது.

அந்த இடம் ஆபத்தானது என்று தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் முன்பே எச்சரித்திருந்தது. சனங்கள்தான் போகவில்லை என்று அதிகாரிகள் சொல்லிவிட்டார்கள். போவதற்கு இடம் யார் கொடுத்தார்கள், மலைக்கு வேலைக்கு எப்படி வருவது, பிள்ளைகளின் பாடசாலை என்ன ஆவது, இதையெல்லாம் அப்போது கேட்டு எடுத்த படம் ஒன்று இருந்திருந்தால்! மண் சரிந்த பிறகு எடுப்பதற்கு நூறு பேர் வருவார்கள். சரிவதற்கு முன்னால் சுவரில் விழுந்த வெடிப்பைப் படம் எடுக்க அந்த லயத்திலேயே இருக்கும் ஒருவரால்தான் முடியும். பீலிக்கரை தோட்டத்திலேயே தங்கியது சரி என்று நான் சொல்வது இதனால்தான்.

---

தலைவர் மகன் எழுதியது:

அப்பா எங்கள் தோட்டத்துச் சங்கத் தலைவர். ஒரு எச்சரிக்கை: தலைவருக்குத் தெரியாமல் எடுத்தால் குழப்பம், தெரிந்து எடுத்தால் அவரும் படத்தில் வருவார். வந்தால் லேசில் நிறுத்தமாட்டார். நிறுத்தாமல் எடுத்துக்கொள்ளுங்கள், எடிட்டிங்கில் பார்த்துக்கொள்ளலாம். ஆனால் தராசடியில் பிரச்சினை வந்தால் அந்த அக்காவுக்காகத் துரையிடம் போய் நிற்கப்போவதும் அவர்தான். அதனால் பகைத்துக்கொள்ள வேண்டாம்.

---

பேராதனை வாசகர் எழுதியது:

விழாக்களைப் பற்றி யாரும் பேசவில்லையே. யாழ்ப்பாணத்தில் சர்வதேச சினிமா விழா 2015இலிருந்து நடக்கிறது, தமிழில் பேசும் படத்துக்குத் தமிழில் கேள்வி கேட்கும் பார்வையாளர்கள் கிடைப்பார்கள். வடக்கில் மலையகத்தைப் பற்றி எவ்வளவு தெரிந்திருக்கிறது, எவ்வளவு தெரியவில்லை என்பதும் உங்களுக்கு அங்கே தெரியவரும். வெளிநாட்டு விழாக்களுக்கு அப்புறம் போகலாம்.

---

பீலிக்கரை எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. விழாவுக்கு முதலில் எனக்கு ஒரு முகவரி வேண்டும் ஐயா. எங்கள் லயத்துக்குத் தனி முகவரி இல்லை, கடிதம் தோட்டத்து ஒபீசுக்குத்தான் வரும். போன தரம் ஒரு பயிற்சிப் பட்டறைக்குத் தெரிவான கடிதம் பட்டறை முடிந்த பிறகு கிளாக்கர் மேசையிலிருந்து கைக்கு வந்தது.

நிறுவனத்துக்கு நேற்று மின்னஞ்சல் போட்டேன். தமிழ்ப் பிரதிக்குச் சரி என்கிறார்கள். படத்தில் சேராத காட்சிகளைத் தரமுடியாது என்கிறார்கள். அதனால் அவர்களுக்கு வேறு தோட்டத்தில், வேறு ஆட்களோடு, கேட்டதை மட்டும் எடுத்துக் கொடுக்கலாம் என்று நினைக்கிறேன். தராசு அந்தப் பெட்டிக்குள் போகாது. ஊவாக்காரன் அண்ணன் திட்டுவார், தெரியும்.

அந்த அக்காவோடும் பேசினேன். பத்துப் பேர் சேர்ந்து என்றதும், "பத்துப் பேரும் அன்றைக்குச் சொல்வார்கள், மறுநாள் நான்தான் நிற்பேன்" என்றார். ஆனாலும் கொப்பி யோசனை அவருக்குப் பிடித்திருக்கிறது. 2021இலிருந்து எழுதி வைத்திருக்கிறாராம். வேறு யாரிடம் இருக்கிறது என்று அவரே விசாரிக்கிறார். முகம் வேண்டுமா வேண்டாமா என்பதைக் கொப்பிகள் சேர்ந்த பிறகு பார்ப்போம் என்று விட்டுவிட்டோம்.

ஆயம்மா படத்தையும் கூத்துப் படத்தையும் கோயில் முற்றத்தில் பெரிதாகப் போடவேண்டும் என்று பையன்கள் கேட்கிறார்கள். ப்ரொஜெக்டர் யாரிடமாவது இருக்கிறதா?

---

ஊவாக்காரன் எழுதியது:

திட்டவில்லை. ஆனால் அந்தப் பன்னிரண்டு நிமிடத்தில் புல்லாங்குழல் வந்தால் கட்டாயம் திட்டுவேன்.

---

ஹற்றன் ஸ்டூடியோ எழுதியது:

என்னிடம் இருக்கிறது, சனி ஞாயிறு கல்யாணத்துக்குப் போகும். வாரநாளில் எடுத்துக்கொள். பல்ப் பழையது, இருட்டின பிறகுதான் தெரியும். நீளமான வயர் நீயே கொண்டு வா, கோயிலில் கரண்ட் எடுக்கத் தலைவரிடம் முன்கூட்டியே சொல்லிவிடு. வாடகை வேண்டாம், வேன் காசு மட்டும் உன்னுடையது.